‘பக்கவிளைவு’ அன்று, ‘எச்சம்’

திருக்கை மீனின் முள் குத்திய புண் ஆறிப் பல ஆண்டுகள் ஆகியும் வலக் குதிகாலைத் தரையில் முழுதாக ஊன்ற முடியாத மீனவப் பெரியவர் ஒருவர், உதவித்தொகை மனுவோடு வைப்பதற்காக வாங்கிய மருத்துவச் சான்றின் தமிழ்ப்படியைப் பாம்பனில் என்னிடம் காட்டினார். அதில் ‘திருக்கைக் குத்தின் பக்கவிளைவு’ என்று அச்சாகியிருந்தது. “அப்ப ஊசி போட்டதுலதான் என் கால் இப்படி ஆயிருச்சா, தம்பி?” என்று கேட்டார். மெடிக்கல் கோடிங் என்னும் நோய்க் குறியீட்டு வேலையில் இருப்பவன் என்பதால் இந்தப் பிழையைப் பலமுறை கண்டிருக்கிறேன்; ஆனால் ஒருவர் அதை நம்பி, தம் புண்ணை ஆற்றியவர்மீதே ஐயம் கொண்டதை அன்றுதான் கண்டேன்.

ஆங்கில மூலத்தில் உள்ள சொல் ‘சீக்வெலா’ (sequela); அதைத் தமிழாக்கியதில்தான் பிழை. பின்தொடர்தலைக் குறிக்கும் இலத்தீன் வினையிலிருந்து பிறந்தது. நோயோ காயமோ அதன் கடுநிலை முடிந்த பிறகும் உடலில் தங்கிவிடும் கேட்டை மருத்துவம் இச்சொல்லால் குறிக்கிறது. உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டுப் பத்தாம் பதிப்பில் காலில் பட்ட காயங்களுக்குப் பிறகு நிற்கும் கேடுகளுக்கு டி93 என்ற தனிப் பிரிவும், அதனுள் திறந்த புண்ணுக்கு டி93.0 என்ற குறியீடும் உண்டு. காயம் பட்டு ஓராண்டோ அதற்கு மேலோ கழித்தும் காணப்படுபவை இப்பிரிவில் சேரும். 2015 அக்டோபர் 1 முதல் அமெரிக்காவில் நடப்பிலுள்ள, இதே வகைப்பாட்டின் அமெரிக்க வடிவத்தில் கால வரம்பு இல்லை. காயக் குறியீட்டின் ஏழாம் இடத்தில், சீக்வெலாவைக் குறிக்கும் எஸ் (S) என்ற எழுத்தைச் சேர்த்துவிடுகிறார்கள்.

பக்கவிளைவு என்பது மருந்தோ சிகிச்சையோ தன் நோக்கத்துக்குப் புறம்பாக உண்டாக்குவது. காயத்துக்கு நோக்கமும் இல்லை, பக்கமும் இல்லை. இதற்கு மேல் அதைப் பற்றிப் பேச வேண்டியதில்லை.

பேச வேண்டியது ‘பின்விளைவு’ பற்றித்தான், ஏனெனில் சீக்வெலாவுக்கு ஈடாக விவரமறிந்தவர்களே அதைப் பரிந்துரைக்கிறார்கள். அது ஏன் பொருந்தாது என்பதைத் திருக்கைக் குத்தை வைத்தே பார்க்கலாம். பாக் நீரிணைப் பக்கத்தில் கடல் ஆழம் குறைவு. படகிலிருந்து முழங்கால் அளவுத் தண்ணீரில் இறங்குகிறவர், மணலில் புதைந்து கிடக்கும் திருக்கையை மிதித்துவிட்டால் அது வாலைச் சுழற்றி அடிக்கும். அதன் முள்ளின் இரு ஓரமும் பின்னோக்கிச் சாய்ந்த பற்கள் கொண்டவை, ஆகவே முள் உள்ளே போகும்போது கிழிப்பதைவிட வெளியே வரும்போது மிகுதியாகக் கிழிக்கும். நஞ்சு சூட்டில் சிதையும் என்பதால் காலைச் சூடு பொறுக்கும் வெந்நீரில் வைத்திருக்கச் சொல்வார்கள். மூன்றாம் நாள் கால் வீங்குகிறது, உள்ளே முறிந்து தங்கிய முள் துணுக்கால் சீழ் வைக்கிறது என்று கொள்வோம். இதுவும் குத்துக்குப் பின் வந்த விளைவுதான். ஆனால் புண் இன்னும் புண்ணாகவே இருக்கிறது. இது மருத்துவர்கள் ‘காம்ப்ளிகேஷன்’ என்னும் சிக்கல், இதற்கு எஸ் போடக் கூடாது. புண் மூடித் தோல் சேர்ந்த பிறகு கணுக்கால் மூட்டு இறுகி, பாதம் மேல்நோக்கி மடங்காமல் நின்றுவிட்டால், அதற்குத்தான் எஸ். புண் முடிந்ததா, முடியவில்லையா என்ற ஒரு கோட்டைக் கிழிப்பதற்காகவே அந்த எழுத்து இருக்கும்போது, கோட்டின் இரு பக்கத்தையும் ஒன்றாக்கும் சொல்லை வைத்துக்கொண்டு நாம் என்ன செய்வது? மேலும், ‘பின்விளைவுகளைச் சந்திக்க நேரிடும்’ என்று மிரட்டலாகவே வழங்கி, செய்த குற்றத்துக்கு வரும் பலன் என்ற சாயலும் அச்சொல்லில் ஏறிவிட்டது. நொண்டி நடப்பவர் எந்தக் குற்றமும் செய்யவில்லை.

‘தொடர்விளைவு’ என்பாரும் உளர். இலத்தீன் வேரில் ‘தொடர்’ இருப்பதுதான் அவர்கள் கூறும் காரணம். சொல்லின் வேரை மொழிபெயர்ப்பது சொல்லை மொழிபெயர்ப்பது ஆகாது. தொடர்விளைவு என்றால் ஒன்றிலிருந்து ஒன்றாகச் சங்கிலிபோல் நீள்வது என்றே தமிழன் கொள்வான். இங்கோ எதுவும் நீளவில்லை, காயம் போய்விட்டது, கேடு மட்டும் நின்றுவிட்டது. ‘வடு’வும் போதாது. ‘தீயினாற் சுட்டபுண் உள்ளாறும்’ என்று தொடங்கும் குறளில் ஆறுகிற புண்ணையும் ஆறாத வடுவையும் வள்ளுவர் கூர்மையாகப் பிரித்தார் என்பது உண்மையே. ஆயினும் மூட்டு இறுக்கத்தையும் மரத்துப்போன பாதத்தையும் வடு என்று எவரும் சொல்வதில்லை.

எஞ்சு என்னும் வினையிலிருந்து வந்த ‘எச்சம்’ இருக்கிறது. ‘இசையென்னும் எச்சம்’ என்ற குறளில் (238) ஆள் போன பின் நிற்கும் புகழுக்கு அச்சொல் நின்றது. காயம் போன பின் நிற்கும் கேட்டுக்கும் அதுவே பொருந்தும். இலக்கணத்தில் ‘வந்து’ என்னும் வினையெச்சம் தனித்து நில்லாது. முடிக்கும் வினை ஒன்றை அவாவி நிற்கும். எஸ் சேர்ந்த குறியீடும் அப்படியே: இப்போதுள்ள கேட்டின் குறியீட்டை முதலில் எழுதி, அதன்பின் காயத்தின் குறியீட்டை எஸ் சேர்த்து எழுத வேண்டும் என்பது பொது விதி. எச்சம் என்றால் பறவை இட்டதாயிற்றே என்று முகம் சுளிப்பவர்களுக்குச் சொல்வேன்: வினையெச்சம், பெயரெச்சம் என்று பள்ளியில் படித்தபோது எவருக்கும் பறவை நினைவு வரவில்லை. தனிச்சொல்லாக வைக்கத் தயங்கினால் புண்ணெச்சம், நோயெச்சம் என்று கூட்டி எழுதலாம்.

அப்பெரியவரின் சான்றில் எம்24.571, எஸ்81.831எஸ் என்ற இரு குறியீடுகளும் முறையாகவே இருந்தன. தமிழில் இவ்வளவுதான் எழுதியிருக்க வேண்டும்: ‘வலக் கணுக்கால் மூட்டு இறுக்கம், வலக் கீழ்க்காலில் திருக்கை முள் குத்திய புண்ணின் எச்சம்.’