பூனைவணங்கி

ஐப்பசி மழை விட்ட ஒரு காலையில் கொல்லையில் களை பிடுங்கிக்கொண்டிருந்தேன். சுவரோரமாகக் குப்பைமேனி முழங்கால் உயரத்துக்கு வளர்ந்திருந்தது. மண் ஈரமாக இருந்ததால் இழுத்தவுடன் வேரோடு வந்தது. நாலைந்து செடிகளைப் பிடுங்கிப் போட்டிருப்பேன். துவைக்கிற கல்லின் மேல் கண்ணை மூடிப் படுத்திருந்த எங்கள் பூனை கறுப்பி எழுந்து வந்தாள். வேரை முகர்ந்தாள், நக்கினாள், கடித்தாள். அப்புறம் கன்னத்தை அதில் அழுத்தி அழுத்தித் தேய்த்தாள். ஒரு நிமிடத்துக்குள் மல்லாந்து விழுந்து, நாலு காலையும் வானத்துக்குக் காட்டியபடி சேற்றில் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாகப் புரண்டாள். வாயோரம் எச்சில் ஒழுகியது.

கறுப்பியைத் தெரிந்தவர்களுக்குத்தான் இந்தக் காட்சியின் அருமை புரியும். எட்டு வயதுக்காரி. பெயர் சொல்லிக் கூப்பிட்டால் காதை மட்டும் திருப்புவாள். மேலே ஒரு சொட்டுத் தண்ணீர் பட்டாலும் அரை மணி நேரம் உட்கார்ந்து நக்கித் துடைப்பாள். அப்பேர்ப்பட்டவள் சேற்றில் உருளுவதைப் பார்க்க வீடே கொல்லைக்கு வந்து விழுந்து விழுந்து சிரித்தது. அம்மா மட்டும், "அது பூனைவணங்கியாச்சே, வேற என்ன செய்யும்?" என்று சொல்லிவிட்டு அடுப்பைப் பார்க்கப் போய்விட்டார்.

சித்த மருத்துவத்தில் குப்பைமேனிக்கு வழங்கும் பெயர்களில் பூனைவணங்கி ஒன்று, மார்ஜாலமோகினி இன்னொன்று. மார்ஜாலம் என்றால் பூனை. பூனையை மயக்கும் மோகினி. சொறி சிரங்குக்கு மஞ்சளும் உப்பும் சேர்த்து அரைத்துப் பூசும் இலையாகத்தான் நம்மில் பலருக்கு இந்தச் செடி பழக்கம். பெயர் வைத்தவர்கள் அதன் வேரருகே பூனை என்ன செய்கிறது என்பதையும் நின்று பார்த்திருக்கிறார்கள்.

அந்த வேரில் என்ன இருக்கிறது என்பதை வேதியியலாளர்கள் கண்டறிந்தது 2016இல்தான். அதற்குக் காரணமாக அமைந்தது இந்தியப் பெருங்கடலில் உள்ள கிறிஸ்துமஸ் தீவு. ஆஸ்திரேலியாவின் ஆளுகையில் இருக்கும் அந்தத் தீவில் காட்டுத்தனமாகப் பெருகிவிட்ட பூனைகளைப் பொறிக்கு வரவழைக்க ஒரு வாசனை தேவைப்பட்டது. குப்பைமேனி வேரை எடுத்து ஆராய்ந்தார்கள். ஐசோடைஹைட்ரோநெபெட்டலாக்டோன், ஐசோஇரிடோமைர்மெசின் என்று இரண்டு பொருள்கள் அகப்பட்டன. பெயர்கள் வாயில் நுழையாதவைதான். ஆனால் இரண்டாவது பெயருக்குள் ஓர் எறும்பு ஒளிந்திருக்கிறது. இரிடோமைர்மெக்ஸ் என்ற எறும்பினத்தின் உடலிலிருந்து இந்த வகைப் பொருளை முதலில் பிரித்தெடுத்ததால் அந்தப் பெயர் வந்தது. இந்தக் குடும்பம் முழுவதையும் இரிடாய்டுகள் என்கிறார்கள். பல செடிகளுக்கும் பூச்சிகளுக்கும் இவை தற்காப்பு ஆயுதம்.

இங்கேதான் எனக்கு ஆச்சரியம் கூடுகிறது. மேலைநாடுகளில் பூனைகளுக்கு வாங்கிக் கொடுக்கும் கேட்னிப், துளசியும் புதினாவும் சேர்ந்த குடும்பம். ஜப்பானியர் மத்தத்தாபி என்று சொல்லும் மலைக்கொடி, கிவிப் பழத்துக்குச் சொந்தம். நம் குப்பைமேனி ஆமணக்கின் உறவு. மூன்றுக்கும் நெருங்கிய தொடர்பு கிடையாது. ஆனாலும் மூன்றும் தயாரிப்பது ஒரே சாயல் கொண்ட இரிடாய்டுகளை. கேட்னிப்பில் இருப்பது நெபெட்டலாக்டோன்; அதை அமெரிக்காவில் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் 1941இல் பிரித்தெடுத்தார்கள். மத்தத்தாபியில் நெபெட்டலாக்டால். மூன்று இடத்துப் பூனைகளும் ஒரே மாதிரி உருளுவதற்கு இந்தச் சாயல்தான் காரணம்.

சரி, வாசனை எப்படி ஒரு பூனையைத் தரையில் சாய்க்கிறது?

பூனைக்கு மேல்வாயில் இன்னொரு முகர்வு உறுப்பு உண்டு. மற்றப் பூனைகளின் மூத்திர வாசனையை எடை போட அது உதவுகிறது. அதுதான் இதற்கும் வழி என்று வெகுநாள் நினைத்தார்கள். 1985இல் வெளியான ஆய்வு, அந்த உறுப்பை அகற்றினாலும் பூனை உருளும், வழக்கமான மூக்கின் வழியை அடைத்தால்தான் நின்றுபோகும் என்று காட்டியது. ஆகவே கறுப்பி வேரை மெல்லுவதால் மயங்கவில்லை, முகர்வதால்தான்.

அப்புறம் 2021இல் ஜப்பானின் இவாத்தே பல்கலைக்கழகத்தில் மசாவோ மியசாகியின் குழு அடுத்த அடியை வைத்தது. மத்தத்தாபியின் நெபெட்டலாக்டாலை முகர்ந்து உருண்ட பூனைகளின் ரத்தத்தில் பீட்டா எண்டார்ஃபின் ஏறியிருந்தது. இது வலியை மறக்கடித்து இதம் தருவதற்காக உடம்பே சுரந்துகொள்ளும் பொருள். வலிநீக்கி மருந்தான மார்ஃபின் நரம்பணுவின் எந்த ஏற்பியில் போய் உட்காருமோ அதே ஏற்பியில்தான் இதுவும் உட்காரும். அந்த ஏற்பிகளை அடைக்கும் நாலாக்சோன் மருந்தைக் கொடுத்தபின் அதே பூனைகள் தேய்ப்பதும் புரள்வதும் வெகுவாகக் குறைந்துபோயின. இதைக் கள் குடித்த போதையோடு ஒப்பிடுவது எனக்குச் சரியாகப் படவில்லை. போதை வெளியிலிருந்து உள்ளே வருவது. இங்கே வாசனை மணியை அடிக்கிறது, இன்பத்தைப் பரிமாறுவது பூனையின் சொந்த மூளை. அதனால்தான் ஐந்து முதல் பதினைந்து நிமிடத்தில் எழுந்து, ஒன்றுமே நடக்காதது போல உடம்பைச் சுத்தம் செய்ய ஆரம்பிக்கிறது. அதற்குப் பிறகு ஒரு மணி நேரத்துக்கு வேரை மூக்கருகே நீட்டினாலும் திரும்பிப் பார்ப்பதில்லை.

ஆனால் மூளை எதற்காக இந்தச் சன்மானத்தைக் கொடுக்க வேண்டும்? அதே குழு இதற்குச் செய்த சோதனை எளிமையானது, அழகானது. வாசனை தோய்த்த தாளைத் தரையில் வைத்தார்கள். பூனை தேய்த்தது, உருண்டது. தாளைக் கூண்டின் சுவரிலும் கூரையிலும் ஒட்டினார்கள். பூனைகள் பின்னங்காலில் எழுந்து நின்று முகத்தையும் தலையையும் அதில் தேய்த்தன, உருளவில்லை. ஆக, நாம் பார்த்துச் சிரிக்கும் உருளல் முக்கியமே இல்லை. அந்த வாசனையை முகத்தில் பூசிக்கொள்வதுதான் நோக்கம். கண்ணைச் சுற்றியும் காதோரமும் மூக்கு நுனியிலும் பூனைக்கு முடி குறைவு. கொசு அங்கேதான் கடிக்கும். நெபெட்டலாக்டால் பூசிய தலையில் வந்து உட்கார்ந்த கொசுக்கள் ஏறக்குறைய பாதியாகக் குறைந்தன. சோதனைக்கு எடுத்த ஏடிஸ் அல்போபிக்டஸ், நம் ஊரிலும் டெங்குவைப் பரப்பும் வரிக்கொசு. அசையாமல் பதுங்கிக் கிடந்து இரை பிடிக்கிற மிருகத்துக்கு, வாலை வீசிக் கொசு விரட்டாமல் இருக்க முடிவது பெரிய வசதி.

கடிப்பதற்கும் காரணம் உண்டு. நசுங்கிய மத்தத்தாபி இலையிலிருந்து இரிடாய்டுகள் பத்து மடங்குக்கு மேல் வெளிவருவதை 2022இல் அளந்து சொன்னார்கள். நாம் அம்மியில் வைத்து இலையை நசுக்குவதைப் பூனை பல்லால் செய்கிறது.

எங்கள் வீட்டில் இன்னொரு பூனை, செவலை. கறுப்பி புரண்டுகொண்டிருந்தபோது அவன் வந்து வேரை முகர்ந்துவிட்டு, கறுப்பியைத் தாண்டி எலிப் பொந்தைப் பார்க்கப் போய்விட்டான். அவன் மூக்கில் கோளாறு இல்லை. பூனைகளில் சுமார் மூன்றில் ஒரு பங்கு கேட்னிப்புக்கு மசிவதில்லை. இது வழிவழியாக வருகிறது என்று நீல் டாட் என்ற ஆய்வாளர் 1962இலேயே எழுதினார். அவர் ஒற்றை மரபணு என்றார். பல மரபணுக்கள் சேர்ந்தது என்பதே இப்போதைய எண்ணம். 2017இல் நூறு பூனைகளிடம் பல செடிகளைக் கொடுத்துப் பார்த்ததில், கேட்னிப்பைச் சட்டை செய்யாத பூனைகளில் முக்கால்வாசி மத்தத்தாபிக்கு மயங்கின. ஆகவே செவலைக்கும் அவனுக்கென்று ஒரு செடி எங்காவது இருக்கலாம். கொசு விளக்கத்தில் எனக்கு உறுத்துகிற இடமும் இதுதான்: இவ்வளவு உதவியான பழக்கம் இத்தனை பூனைகளிடம் ஏன் இல்லை? ஆனாலும், மிருகக்காட்சிசாலையில் இருந்த ஜாகுவாரும் சிறுத்தையும் லின்க்ஸும் அதே போலத் தலையைத் தேய்த்தன என்பதைப் படித்தபின், இது பூனைக் குலத்துக்கே உரிய பழைய பழக்கம் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. நாய் முகர்ந்துவிட்டுப் போய்விடுகிறது.

மூன்று மாதத்துக்கு உட்பட்ட குட்டிகளும் பெரும்பாலும் கண்டுகொள்வதில்லை. கறுப்பியின் கடைசிக் குட்டிக்கு அன்றைக்கு இரண்டு மாதம். வேரின் மேல் ஏறி நின்று வண்ணத்துப்பூச்சியைத் துரத்தியது. அதனால் சுவரோரம் இரண்டு செடிகளைப் பிடுங்காமல் விட்டுவைத்தேன். தை மாதக் கடைசியில், குட்டிக்கு ஐந்து மாதம் முடிந்திருந்தபோது, ஒன்றைப் பிடுங்கித் தரையில் போட்டேன். முகர்ந்தது. கொஞ்ச நேரம் அசையாமல் நின்றது. அப்புறம் மெதுவாக, அம்மாவைப் போலவே, இடது கன்னத்தைச் சாய்த்து வேரில் தேய்த்தது.