கன்று போட ஒன்பது மாதம், தவணை தொடங்க ஒரு கிழமை

விசுவமடுவில் இருந்து ஒரு அக்கா என்னிடம் வந்திருந்தா. கையில் ஒரு சொப்பிங் பை, அதற்குள் மடித்து மடித்து நைந்துபோன கடன் அட்டை. கட்டம் கட்டமாகக் கையொப்பங்கள். பதினேழாவது கட்டத்தோடு கையொப்பம் நின்றுவிட்டது. இரண்டு நாகு, அதாவது இன்னும் கன்று போடாத இளம் பசுக்கள், வாங்க எடுத்த கடன் அது. காசு கைக்கு வந்த அடுத்த புதன்கிழமையே முதல் தவணை.

"நாகு இன்னும் சினைப்படவே இல்லை சேர். காசு மட்டும் கிழமைக்குக் கிழமை கேக்கினம்."

அந்தப் பதினேழு தவணையும் காதுத் தோட்டை அடைவு வைத்துக் கட்டியிருக்கிறா.

பதினான்கு வருடம் கிளிநொச்சியில் வங்கிக் கடன் உத்தியோகத்தராக இருந்தேன். இப்போது சிறு தொழில் செய்வோருக்குத் திட்ட அறிக்கை தயாரிக்க உதவுகிறேன். இந்த அக்காவின் கதையை ஊர் ஊராகக் கேட்டிருக்கிறேன். பிழை மாட்டிலும் இல்லை, அவவிலும் இல்லை. கடனின் காலம்தான் பிழை. நாகு சினைப்பட்டபின் கன்று போடவே ஒன்பது மாதம் தாண்டும். தென்னம்பிள்ளை காய்க்க ஐந்தாறு வருடம். இவற்றுக்குத் தேவை பொறுத்திருக்கும் காசு.

வர்த்தக வங்கி பொறுத்திருக்கத் தயங்குவதற்குக் காரணம் உண்டு. அது கடன் கொடுப்பது, எப்போதும் திருப்பிக் கேட்கப்படக்கூடிய சேமிப்புக் காசில் இருந்து. அதனால் நகை அடைவு, கடைக்காரருக்கு மேலதிகப் பற்று என்று விரைவில் திரும்பும் கடன்களையே அது விரும்பும். ஒரு அரிசி ஆலைக்குப் பத்து வருடம் காத்திருக்க வேறு வகை வங்கி வேண்டும். அதுதான் அபிவிருத்தி வங்கி. அதற்காகத்தான் இலங்கையில் 1955இல் டி.எஃப்.சி.சி.யும், 1979இல் தேசிய அபிவிருத்தி வங்கியும் சட்டத்தின் மூலம் உருவாக்கப்பட்டன. இன்று இரண்டுமே வர்த்தக வங்கிகள். தேசிய அபிவிருத்தி வங்கி 2005இலும் டி.எஃப்.சி.சி. 2015இலும் அப்படி மாறின. ஆகவே பெயர்ப்பலகையைப் பார்த்து ஏமாற வேண்டாம். 1985இல் தொடங்கிய கிராமிய அபிவிருத்தி வங்கிகளின் வழிவந்து, 2010இல் ஒன்றாக்கப்பட்ட பிரதேச அபிவிருத்தி வங்கி எங்களைப் போன்ற இடங்களுக்கு இன்னும் முக்கியமானது.

பெரிய அபிவிருத்தி வங்கிகளின் காசு வன்னிக்கு இரண்டு வழியால் வருகிறது. ஒன்று கண்ணுக்குத் தெரிவது. மன்னார்த் தீவின் தென்கரையில் சுழலும் காற்றாலைகள், ஆசிய அபிவிருத்தி வங்கி 2017இல் ஒப்புக்கொண்ட 20 கோடி டொலர் கடனில் எழுந்தவை. அவற்றின் திறன் 100 மெகாவாட்டுக்கு மேல். அங்குள்ள மீனவர்களும், வெள்ளம் நிற்குதென்று சொல்லும் ஊர்க்காரர்களும் எழுப்பும் கேள்விகளைத் தட்டிக்கழிக்கக் கூடாதென்பது என் உறுதியான எண்ணம். அந்த வங்கியின் காசில் நடக்கும் திட்டத்தால் பாதிக்கப்படுவோர் இருவர் சேர்ந்தாலே, அதன் பொறுப்புக்கூறல் பொறிமுறையிடம், அதாவது முறைப்பாடுகளைக் கேட்கும் பிரிவிடம், முறையிடலாம். இதை எங்கள் ஆட்களுக்கு யாரும் சொல்வதில்லை.

மற்ற வழி கண்ணுக்குத் தெரியாதது. அபிவிருத்தி வங்கி அரசாங்கத்துக்கு நீண்டகாலக் கடன் கொடுக்கும், அரசாங்கம் அதை உள்ளூர் வங்கிகளுக்குக் கொடுக்கும், வங்கி உங்களுக்குக் கொடுக்கும். சிறிய, நடுத்தரத் தொழில்களுக்கென்று 2016இல் ஆசிய அபிவிருத்தி வங்கி ஒதுக்கிய 10 கோடி டொலரும் இப்படித்தான் வந்தது. கிளைக்கு அது ஒரு சுற்றறிக்கையாக வந்து சேரும். வேலைப் பளுவில் அது கோப்புக்குள் கிடந்து, காலம் முடிந்தபின் எடுத்துப் பார்த்த நாட்களும் என் சேவையில் உண்டு. அதை இப்போது நினைத்தாலும் மனம் கனக்கிறது. ஆகவே கவுண்டரில் "கடன் இருக்கா?" என்று மட்டும் கேட்காதீர்கள். "எந்த மீள்நிதியளிப்புத் திட்டம் இப்ப நடக்குது? சலுகைக் காலம் எத்தனை மாதம்? அந்தக் காலத்தில வட்டி மட்டும் கட்டினால் போதுமா?" என்று கேளுங்கள். முழுத் தவணை தொடங்கும்வரை வங்கி பொறுத்திருக்கும் அந்தச் சலுகைக் காலம்தான் கடனெடுப்பவரின் மூச்சே.

அடுத்த தடை காணி. வன்னியில் குடியேற்றத் திட்டக் காணிகள் பல பெர்மிட் காணிகள், அதாவது அரசாங்கம் அனுமதிப்பத்திரத்தில் கொடுத்தவை. உறுதிக் காணியைப் போல அவற்றை ஈடு வைக்க முடியாது. அளிப்புப் பத்திரம் கிடைத்ததா என்று பிரதேச செயலகக் காணிக் கிளையில் விசாரித்து வையுங்கள். இல்லாவிட்டால் பிணையாளர் இருவருடனும், பால் சேகரிப்பு நிலையத்தின் சிட்டைகளுடனும் போங்கள். பத்து மாதச் சிட்டை ஒழுங்காக இருந்தால், நல்ல உத்தியோகத்தர் அதை ஒரு சாட்சியாக எடுப்பார். உங்கள் கடன் வரலாற்றைக் காட்டும் கிரிப் அறிக்கையையும் முதலே எடுத்துப் பாருங்கள். மறந்துபோன பழைய பிணை ஒன்று அதில் உட்கார்ந்திருக்கலாம்.

2018இல் வடக்கு உட்பட 12 மாவட்டங்களில் பெண்களின் ஒரு இலட்சம் ரூபா வரையான நுண்கடன் நிலுவைகளை அரசாங்கம் தள்ளுபடி செய்தது. அது பல வீடுகளைக் காப்பாற்றியது. ஆனால் நாகு வாங்கக் கிழமைக் கடன் எடுக்கும் பழக்கம் அதோடு நிற்கவில்லை.

அந்த அக்காவுக்கு நாங்கள் இருவருமாக ஒரு திட்டம் எழுதினோம். வைக்கோல், தவிடு, மிருக வைத்தியர் செலவு, மழைக்காலக் கொட்டில் திருத்தம் எல்லாவற்றையும் அவவே மாதம் மாதமாகச் சொல்ல, நான் எழுதினேன். எந்த மாதம் பால் வரும் என்ற இடத்தில் பேனையை நிறுத்தி அவவைப் பார்த்தேன்.

"கார்த்திகைக்கு முதல் வராது, சேர். அதுக்கு முதல் தவணை போட்டுப்போடாதேங்கோ."

அப்படியே எழுதினேன்.