எப்போதாவது இடுப்பில் ஏறும் துப்பாக்கிக்கு எந்த உறை?

நம் ராமநாதபுரம் கரையோரத்தில் கைத்துப்பாக்கி உரிமம் வைத்திருப்பவர்களில் தினமும் அதைக் கட்டிக்கொண்டு வெளியே போகிறவர்கள் குறைவு. இறால் பண்ணைக்காரர் அறுவடை நாளில் எடுப்பார். முதுகுளத்தூர், சாயல்குடி பக்கம் சீமைக் கருவேலத்தில் கரிமூட்டம் போடுகிறவர், லாரிக் கணக்குத் தீர்ந்து கையில் ரொக்கம் வரும் நாளில் எடுப்பார். நகைக்கடைக்காரர் சரக்கோடு மதுரை போய்வரும் நாளில் எடுப்பார். மற்ற நாளெல்லாம் அது பீரோவுக்குள்தான் கிடக்கும்.

ராணுவத்தில் ஆயுதங்களைப் பழுதுபார்க்கும் ஆர்மரர் வேலையில் இருந்து ஓய்வு பெற்றபின் தோலில் பெல்ட்டும் உறையும் தைக்கிறேன். வருகிறவர்கள் முதலில் கேட்பது, “அண்ணே, எப்பவாவது கட்டுறதுக்கு எதுக்கு நல்ல உறை? ஏதாவது ஒரு பை போதாதா?” என்பதுதான். போதாது. தினமும் கட்டுகிற காவலருக்குக் கை பழகியிருக்கும். இடுப்பில் என்ன இருக்கிறது, எந்தப் பக்கம் சாய்ந்தால் என்ன ஆகும் என்பது உடம்புக்கே தெரியும். எப்போதாவது கட்டுகிறவருக்கு அந்தப் பழக்கம் இல்லை. பழக்கம் செய்ய வேண்டிய வேலையை அவருக்கு உறைதான் செய்ய வேண்டும். அதற்காக விலை உயர்ந்த உறை தேவை என்று நினைக்க வேண்டாம். நன்றாகத் தைத்த சாதாரண தோல் உறை 1,000 முதல் 1,500 ரூபாய்க்குள் முடிந்துவிடும்.

தகுந்த உறை வேண்டும் என்றுதான் சட்டமும் சொல்கிறது. 2016-ஆம் ஆண்டின் ஆயுத விதிகளில் 32-ஆவது விதிப்படி, பொது இடத்தில் கைத்துப்பாக்கியைக் கொண்டுபோனால் அது அதற்கென்று செய்த உறையிலோ அதுபோன்ற பையிலோ இருக்க வேண்டும். முழுவதும் மூடியிருக்க வேண்டும், கொண்டுபோகிறவரின் கட்டுப்பாட்டிலும் இருக்க வேண்டும். பைக் சீட்டுக்கு அடியில், டேங்க் கவரில், கார் டேஷ்போர்டில் போட்டுவிட்டு டீ குடிக்கப் போவது எந்தக் கணக்கிலும் கட்டுப்பாடு ஆகாது. 2019-இல் திருத்திய ஆயுதச் சட்டத்தில், கவனக்குறைவாகத் துப்பாக்கியைப் பயன்படுத்தி மற்றவர் உயிருக்கு ஆபத்து உண்டாக்கினால் 2 ஆண்டு வரை சிறை, அல்லது 1 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் என்று இருக்கிறது.

சரி, உறைக்கு வருவோம். நான் முதலில் பார்ப்பது விசையை, அதாவது சுட விரலால் இழுக்கிற ட்ரிகரை. துப்பாக்கி உள்ளே இருக்கும்போது விசையும் அதைச் சுற்றிய வளையமும் முழுக்க மூடியிருக்க வேண்டும். மூடினால் மட்டும் போதாது, மூடுகிற பொருள் விறைப்பாகவும் இருக்க வேண்டும். தோட்டா இல்லாத துப்பாக்கியை உறைக்குள் வைத்து, விசை இருக்கும் இடத்தை வெளியிலிருந்து கட்டை விரலால் நன்றாக அழுத்திப் பாருங்கள். உள்ளே விசை நகர்வது விரலுக்குத் தெரிந்தால் அந்த உறை வேண்டாம். ஆன்லைனில் 300, 400 ரூபாய்க்குக் கிடைக்கிற, எல்லா அளவுக்கும் பொருந்தும் என்று விற்கிற நைலான் உறைகளில் பெரும்பாலானவை இந்த ஒரு சோதனையிலேயே தோற்றுப்போகும்.

அடுத்தது வாய். துப்பாக்கியை உருவியபின் உறையின் வாய் அப்படியே திறந்து நிற்க வேண்டும். தொய்ந்து மூடிக்கொண்டால் திரும்ப வைக்கும்போது இடது கையால் அதை விரித்துப் பிடிக்க வேண்டிவரும். அந்த நேரத்தில் குழல் உங்கள் கையையே பார்த்துக்கொண்டிருக்கும். விபத்துகள் அதிகம் நடப்பது உருவும்போதும் திரும்பச் செருகும்போதும்தான். சட்டை நுனி, ஜிப் கயிறு, மடங்கிய தோல், இவற்றில் எது வளையத்துக்குள் மாட்டினாலும் விசையை இழுத்துவிடும். அதனால் வாயைச் சுற்றி இன்னொரு அடுக்குத் தோல் வைத்துத் தைத்திருக்கிறதா என்று பாருங்கள். செருகும்போது கண்ணால் பார்த்து, விரலை வளையத்துக்கு வெளியே நீட்டி, மெதுவாகச் செருகுங்கள். அங்கே அவசரத்துக்கு வேலையே இல்லை.

மூன்றாவது பிடிப்பு. இதையும் வெற்றுத் துப்பாக்கியில்தான் பார்க்க வேண்டும். துப்பாக்கியில் தோட்டா இருக்கும் அறைகளைத் திறந்து கண்ணாலும் விரலாலும் சரிபார்த்துக்கொள்ளுங்கள், தோட்டாக்களை வீட்டில் வேறு ரூமில் வையுங்கள். உறையை மெத்தைக்கு மேல் தலைகீழாகப் பிடித்து லேசாகக் குலுக்கினால் துப்பாக்கி விழக் கூடாது. மேலே ஒரு வார் வைத்துப் பட்டன் போட்டிருந்தால் இன்னும் நல்லது. இங்கே பைக்கில்தான் அதிகம் போகிறோம், கரையோரத்து மண் ரோட்டில் எத்தனை குலுக்கல் என்பது எல்லாருக்கும் தெரியும். பழைய ரிவால்வர்கள் சிலவற்றில், தோட்டாவை வெடிக்கவைக்கும் சுத்தியலைத் தடுக்கும் உள் அமைப்பு இருக்காது; சுத்தியல் தரையில் பட விழுந்தால் வெடிக்கலாம். அப்படிப்பட்டதை வைத்திருப்பவர்கள் சுத்தியலுக்கு நேரே உள்ள அறையைக் காலியாக விடுங்கள். பிஸ்டல் வைத்திருப்பவர், எப்போதாவது கட்டுகிறவர் என்றால், குழலின் அடியில் உள்ள குழலறையில் தோட்டா ஏற்றாமலே கட்டுவது நல்லது என்பது என் கருத்து.

ஒரு துப்பாக்கிக்கு ஒரு உறை. கான்பூரில் செய்கிற .32 ரிவால்வருக்குத் தைத்த உறையில் ‘அஷானி’ பிஸ்டலைப் போட முடியாது. ஒன்றில் தோட்டாக்கள் இருக்கும் சுழலறை புடைத்திருக்கும், மற்றது தட்டை. ரிவால்வர்களுக்குள்ளேயே வித்தியாசம் உண்டு. 2014-இல் வந்த ‘நிர்பீக்’ அரைக் கிலோதான், அதைவிடக் கனமானவையும் உண்டு. கனம் கூடினால் பெல்ட்டும் அதற்குத் தகுந்தபடி இருக்க வேண்டும். 38 மில்லிமீட்டர் அகலம், இரண்டு அடுக்குத் தோல், பெல்ட் நுழைகிற உறையின் கண்ணியும் அதே அளவு. பலர் உறைக்கு யோசிக்கிறார்கள், பெல்ட்டுக்கு யோசிப்பதில்லை. தளர்ந்த பெல்ட்டில் எந்த உறையும் தொங்கி ஆடும். பிறகு கை அடிக்கடி அங்கே போய் அதைத் தூக்கி விட்டுக்கொண்டே இருக்கும். மறைத்துக் கொண்டுபோவதை ஊருக்கே காட்டிக்கொடுப்பது அந்தக் கைதான்.

இங்கே நம் உடுப்பைப் பற்றிப் பேசியே ஆக வேண்டும். கைலியும் வேட்டியும் நம் உடுப்பு. அதன்மேல் கட்டுகிற, பணப்பை வைத்த அகலமான பச்சை பெல்ட் இன்னும் எத்தனையோ பேர் இடுப்பில் இருக்கிறது. அந்தப் பையில் ரிவால்வரைத் திணித்துக்கொண்டு வருகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். பணத்துக்குத் தைத்த பை அது. விசைக்கு எந்தக் காப்பும் இல்லை, கூடவே சாவிக்கொத்து வேறு. வேட்டியில் பெல்ட்டைப் பிடித்து நிறுத்த கண்ணி எதுவும் கிடையாது, உட்கார்ந்து எழுந்தால் சுற்றிக்கொண்டு போகும். துப்பாக்கி கட்டுகிற நாளில் பேன்ட் போடுங்கள். வேட்டி கட்டித்தான் ஆக வேண்டிய கல்யாணம், காதுகுத்து என்றால் துப்பாக்கி வீட்டிலேயே பூட்டுக்குள் இருக்கட்டும்.

எங்கே கட்டுவது? வலது கைக்காரருக்கு வலது இடுப்பெலும்புக்குச் சற்றுப் பின்னால். நடு முதுகில் வைக்காதீர்கள், பைக்கிலிருந்து மல்லாந்து விழுந்தால் இரும்பு தண்டுவடத்தில் இடிக்கும். வாங்குவதற்கு முன் கட்டிக்கொண்டு நாற்காலியில் உட்காருங்கள், வண்டியில் ஏறி இறங்குங்கள், குனிந்து செருப்பு மாட்டுங்கள். உடம்புக்கும் இரும்புக்கும் நடுவில் ஒரு தோல் மடல் உயர்ந்து நிற்கிற மாதிரி இருந்தால் இடுப்பில் உராயாது, வியர்வையும் நேரே துப்பாக்கியில் படாது.

எப்போதாவது கட்டுகிறவருக்கு, பெல்ட்டைக் கழற்றாமலே உறையோடு சேர்த்து எடுக்கிற மாதிரி பட்டன் வைத்த கண்ணியைத்தான் நான் சொல்வேன். கோவிலுக்கு, கோர்ட்டுக்கு, வங்கிக்கு என்று கழற்றி வைக்க வேண்டிய இடங்கள் நிறைய. ஒவ்வொரு தடவையும் துப்பாக்கியை உருவி எடுப்பதைவிட, உறைக்குள் இருந்தபடியே எடுத்து அந்த நேரத்துக்கு மட்டும் பூட்டுவது எவ்வளவோ பத்திரம். கழிப்பறையில் ஆணியில் மாட்டிவிட்டு மறந்து வருவது ரொம்பச் சாதாரணமாக நடக்கும், அங்கே கவனம் வேண்டும்.

இனி கடல் காற்று. பாம்பன், மண்டபம், கீழக்கரை, தொண்டி எங்கே இருந்தாலும் உப்பு விடாது. குரோம் என்ற ரசாயன உப்பில் பதனிட்ட தோல் மெத்தென்று இருக்கும், மலிவு, ஆனால் உறைக்கு விறைப்பு போதாது. அதில் தங்கும் உப்பும் அமிலமும் இரும்பைத் தின்னும். ஆவாரம்பட்டையும் கடுக்காயும் போட்டுப் பதனிடுகிற தோல் நம் தமிழ்நாட்டுப் பழைய தொழில்; கெட்டியான அந்தத் தோலை நனைத்து அச்சில் அழுத்தினால் துப்பாக்கியின் வடிவத்தை அப்படியே பிடித்துக்கொள்ளும். பருத்தி நூல் வியர்வையில் இற்றுப்போகும், பாலியஸ்டர் நூல் கேளுங்கள். பட்டன் பித்தளையில் இருக்கட்டும். வார்ப்புப் பிளாஸ்டிக் உறையும் நல்லதுதான், ஈரம் குடிக்காது. உங்கள் மாடலுக்கென்றே செய்ததாக இருந்தால் மட்டும் வாங்குங்கள்.

எந்தத் தோலானாலும் துப்பாக்கியை அதற்குள் வைத்து பீரோவில் பூட்டாதீர்கள். தோல் ஈரத்தைப் பிடித்து வைத்துக்கொள்ளும். மழை மாதங்களில் சில நாளிலேயே இரும்பில் துருவின் செம்புள்ளி விழுந்துவிடும், தோலோடு ஒட்டிக் கிடக்கும் பித்தளைத் தோட்டாவில் பச்சைக் களிம்பு ஏறும். வீட்டுக்கு வந்ததும் தோட்டாவை இறக்கி, துடைத்து, துப்பாக்கி எண்ணெய் லேசாகப் பூசி, தனியே பூட்டி வையுங்கள். தோட்டா வேறு பூட்டில். தேங்காய் எண்ணெய் வேண்டாம், நாளானால் பிசுபிசுத்து உள்ளே இறுகும். நனைந்த உறையை நிழலில் காயவையுங்கள். வெயிலில் போட்டால் சுருங்கி வளைந்துவிடும்.

உறை தைக்கக் கொடுக்கும்போது துப்பாக்கியைத் தையல்காரரிடம் விட்டுவிட்டுப் போகாதீர்கள். உரிமம் இல்லாதவர் கையில் அது ஓர் இரவு இருந்தாலும் இரண்டு பேருக்கும் வழக்கு வரும். மாடல் பெயரைச் சொல்லுங்கள், காலித் துப்பாக்கியைக் காகிதத்தில் வைத்து வீட்டிலேயே சுற்றுக்கோடு வரைந்து, கனத்தையும் அளந்து எழுதிக் கொண்டுவாருங்கள். தெரிந்த தொழிலாளி அதைப் பார்த்து மரத்தில் மாதிரி செதுக்கி அதன்மேல் தோலை அச்சடிப்பார். வாய் தொய்ந்து பிடிப்பு விட்ட பழைய உறையைப் பக்கத்து வீட்டுக்காரருக்குக் கொடுக்காதீர்கள், கத்தரியால் இரண்டாக வெட்டிக் குப்பையில் போடுங்கள்.