வித்தி: விதை இல்லை, ஆனால் விதைக்கலாம்

"அக்கா, ஒங்க பன்னத்துல விதை இருந்தா கொஞ்சம் தாங்களேன்" என்று பக்கத்து லயத்துத் தங்கச்சி கேட்டாள். பன்னத்துக்கு, அதாவது ஃபேர்ண் செடிக்கு, ஏது விதை? பூவே இல்லாத செடி. இலையைத் திருப்பினால் அடியில் கபிலப் புள்ளிகள் வரிசையாக இருக்கும். அதிலிருந்து உதிரும் தூளுக்குப் பெயர் வித்தி. இலங்கையின் ஹோட்டன் சமவெளியில் ஆளைவிட உயரமாக நிற்கிற மரப்பன்னமும் இந்தத் தூளிலிருந்து வந்ததுதான்.

ஆங்கிலத்தில் ஸ்போர். கிரேக்கத்தில் 'ஸ்போரா' என்றால் விதைப்பு. தமிழில் வித்துதல் என்றாலும் விதைத்தல்தானே! பொருத்தமான சொல்லைத்தான் பிடித்திருக்கிறார்கள். ஆனால் நம்முடைய பாடநூலில் வித்து என்றால் விதை, வித்தி என்றால் ஸ்போர். கடைசி எழுத்தில் கவனம் பிசகினால் பரீட்சையில் புள்ளி போச்சு. தமிழ்நாட்டில் ஸ்போர் என்றே எழுதுவதும் உண்டு. பன்னத்தை அங்கே பெரணி என்பார்கள்.

பன்னம் என்ற சொல்லுக்கும் ஒரு கதை இருக்கிறது. வடமொழியில் பர்ணம் என்றால் இலை. பர்ணசாலை தமிழில் பன்னசாலை ஆனதுபோல இதுவும் பன்னம் ஆனது. ஆங்கிலத்தின் 'ஃபேர்ண்' பிறந்ததும் அதே பழைய வேரில்தான். அப்படிப் பார்த்தால் ஃபேர்ண் என்பவரும் பன்னம் என்பவரும் தூரத்துச் சொந்தக்காரர்கள். பெரணி எனக்குப் பிடிக்கும், ஆனாலும் பூவும் காயும் இல்லாமல் இலையே எல்லாமாக நிற்கிற செடிக்குப் பன்னம்தான் பொருத்தம்.

சரி, வித்தியை விதை என்று சொன்னால் என்ன குறை? விதைக்குள் குட்டிச் செடியும் அதற்குச் சாப்பாடும் இருக்கும். வித்தி ஒற்றைக் கலம் (செல்). அது முளைத்தால் பன்னம் வராது. சுண்டுவிரல் நகத்தைவிடச் சின்னதாக, இதய வடிவில் ஒரு பச்சைச் செதில் வரும். அதன் பெயர் புணரித்தாவரம். அதன் அடிப்பக்கத்தில்தான் ஆண், பெண் புணரிகள், அதாவது இனப்பெருக்கக் கலங்கள், உண்டாகின்றன. ஆண் புணரி நீந்தித்தான் பெண் புணரியிடம் போக வேண்டும், அதனால் ஈரம் காயக்கூடாது. இரண்டும் கூடிய பிறகே சுருட்டிய இலையோடு உண்மையான பன்னம் தலைகாட்டும்.

இது தெரியாமல் நான் கெடுத்த கதையும் உண்டு. புள்ளிகள் பச்சையாக இருந்தால் பிஞ்சு. பளபளப்பான கபிலமாக இருக்கும்போது இலையை வெட்டி வெள்ளைக் கடதாசியில் கவிழ்த்து வைத்தால், மறுநாள் தூள் கொட்டிக் கிடக்கும். யோகட் கோப்பையில் மண் போட்டு, கொதிநீர் ஊற்றி, ஆறவிட்டுத் தூவினேன். பொலித்தீனால் மூடி, வெயில் படாத ஜன்னலோரம் வைத்தேன். சில வாரத்தில் மண் பச்சை பிடித்தது. பாசி என்று நினைத்து, சுரண்டிக் கானில் கொட்டிவிட்டேன். அப்புறம்தான் தெரிந்தது.

தங்கச்சிக்குக் கடதாசியில் மடித்துக் கொடுத்தேன். போன கிழமை கோப்பையைத் தூக்கிக்கொண்டு வந்தாள்.

"பாசி புடிச்சிருச்சுக்கா."

"கொட்டிறாத!"