உறுதி கேட்டுக்கொண்டே இருக்கும் நோய்

நீண்டநாள் பதற்றத்தோடு என்னிடம் வருபவர்களில் பலர் அந்தச் சொல்லையே சொல்வதில்லை. கழுத்தும் தோளும் இறுகிக் கிடக்கின்றன, வயிறு சரியில்லை, நடு இரவில் விழிப்பு வந்தால் பிறகு தூக்கம் இல்லை, எடுத்ததற்கெல்லாம் எரிச்சல் வருகிறது என்றுதான் தொடங்குவார்கள். கையில் கனமான கோப்பு ஒன்று இருக்கும். இசிஜி, எண்டோஸ்கோபி, மூளை ஸ்கேன், ரத்தப் பரிசோதனைகள் என்று எல்லாம் அதில் அடுக்கப்பட்டிருக்கும். "ஒன்றுமில்லை என்கிறார்கள் டாக்டர், ஆனால் எனக்கு ஏதோ இருக்கிறது" என்பார்கள். அவர்கள் சொல்வது சரிதான். நோய் இருக்கிறது. பொதுவான பதற்றக் கோளாறு என்று அதற்குப் பெயர். மருத்துவச் சீட்டில் ஜிஏடி என்று மூன்றெழுத்தில் எழுதுவோம்.

1980-இல் அமெரிக்க மனநல மருத்துவச் சங்கம் மனநோய்களை வரையறுக்கும் தன் கையேட்டின் மூன்றாம் பதிப்பை வெளியிடும்வரை இது தனி நோயாக எண்ணப்படவில்லை. திடீரென்று தாக்கும் பீதி நோயும் இதுவும் ஒரே தலைப்பின்கீழ் கிடந்தன. இன்றைய வரையறை தெளிவானது. ஆறு மாதங்களுக்குக் குறையாமல், பெரும்பாலான நாட்களில், பல விஷயங்களைக் குறித்தும் அளவுமீறிய கவலை இருக்க வேண்டும். அடக்க முயன்றாலும் அது அடங்கக் கூடாது. கூடவே நிலைகொள்ளாமை, எளிதில் களைப்பு, கவனம் சிதறுதல், எரிச்சல், தசை இறுக்கம், தூக்கக் கெடுதல் ஆகிய ஆறில் குறைந்தது மூன்று இருக்க வேண்டும். இவற்றால் வேலையோ உறவோ அன்றாட வாழ்க்கையோ பாதிக்கப்பட்டிருக்க வேண்டும். இந்தப் பட்டியலில் நெஞ்சுப் படபடப்பு இல்லை என்பதைக் கவனியுங்கள். படபடப்பு பலருக்கு வரும், ஆனால் இந்த நோயை அடையாளம் காட்டுவது அதுவல்ல. பல மாதங்களாகத் தளராத தசையும் ஓயாத மனமும்தான் இதன் முகம். 'இதென்ன நோயா, என் சுபாவமே இப்படித்தான்' என்று பத்து, பதினைந்து ஆண்டுகளை ஓட்டிவிடுபவர்கள் இருப்பதற்கு அதுவே காரணம்.

கவலைப்படாதவர் யார் என்று கேட்கலாம். தேர்வு நெருங்கினால் எல்லோரும் கவலைப்படுவார்கள். தேர்வு முடிந்தால் கவலையும் போய்விடும். இந்த நோயில் தேர்வு முடிந்தால் முடிவைப் பற்றி, முடிவு வந்தால் அடுத்த படிப்பைப் பற்றி, அதற்கும் வழி பிறந்துவிட்டால் அப்பாவின் ரத்த அழுத்தத்தைப் பற்றி என்று கவலை இடம் மாறிக்கொண்டே போகும். ஆகவே ஒவ்வொரு கவலையாகத் தீர்த்துவைக்க முயல்வதில் பயன் குறைவு. நான் பார்ப்பது கவலையின் பொருளை அல்ல, அதன் அடியில் இருக்கும் கோரிக்கையை. 'எதுவும் தவறாக நடக்காது என்று எனக்கு உறுதி வேண்டும்' என்பதே அந்தக் கோரிக்கை. கனடாவைச் சேர்ந்த உளவியலாளர் மிஷேல் டுகாஸும் அவருடைய குழுவினரும் 1990-களிலிருந்து இதைத்தான் ஆராய்ந்து வந்திருக்கிறார்கள். ஆபத்து பெரியதா சிறியதா என்பதைவிட, என்ன நடக்கும் என்று தெரியாமல் இருப்பதுதான் இவர்களுக்குத் தாங்க முடியாதது.

மகள் வீடு திரும்ப அரைமணி நேரம் தாமதமாகிறது. அம்மா ஃபோன் செய்கிறார். எடுக்கவில்லை. மீண்டும் செய்கிறார், பிறகு தோழிக்கு, பிறகு தோழியின் அம்மாவுக்கு. மகள் வந்து சேர்ந்ததும் பெருமூச்சு. அந்த நிம்மதி மூளைக்கு ஒரு தவறான பாடத்தைக் கற்பிக்கிறது: 'விசாரித்தாய், அதனால்தான் தாங்கினாய்.' மறுநாள் கால்மணி நேரத் தாமதத்திலேயே ஃபோன் கைக்கு வந்துவிடும். இணையத்தில் அறிகுறிகளைத் தேடுவது, அனுப்பிய மின்னஞ்சலைத் திரும்பத் திரும்பப் படிப்பது, கணவரிடம் "ஒன்றும் ஆகாதுதானே?" என்று கேட்டுக்கொண்டே இருப்பது எல்லாம் இதே வகைதான்.

கவலைக்கு இவர்கள் மனத்தில் நல்ல மதிப்பும் உண்டு. 'முன்கூட்டியே யோசிப்பதால்தான் தப்பித்து வந்திருக்கிறேன்; கவலைப்படாவிட்டால் நான் பொறுப்பில்லாதவன்' என்று பலர் நம்புகிறார்கள். இங்கே ஓர் ஆய்வு எனக்குப் பயன்படுகிறது. 2020-இல் வெளியான அந்த ஆய்வில், இந்த நோயுள்ள 29 பேர் தங்கள் கவலைகளை அவ்வப்போது எழுதிவைத்து, பின்னர் என்ன நடந்தது என்று சரிபார்த்தார்கள். ஏறத்தாழ 91 விழுக்காடு நடக்கவேயில்லை. சிறிய ஆய்வுதான். ஆனால் இந்த எண்ணை நான் சொல்வதால் யாருக்கும் குணமாவதில்லை. 'மீதி ஒன்பதில் நான் இருந்தால்?' என்று உடனே கேட்பார்கள். அவரே தன் நோட்டில் எழுதி, தன் கையாலேயே சரிபார்க்கும்போதுதான் அசைவு தெரிகிறது.

உடல் காரணங்களை நிச்சயம் பார்க்க வேண்டும். தைராய்டு மிகையாகச் சுரந்தாலும், ரத்தசோகை இருந்தாலும், ஆஸ்துமாவுக்கான சால்பியூட்டமாலோ ஸ்டீராய்டு மருந்துகளோ எடுத்தாலும், மதுவைத் திடீரென்று நிறுத்தினாலும் இதே தோற்றம் வரலாம். அளவுக்கு மிஞ்சிய காபியைக்கூட விட்டுவிடக் கூடாது. ஒருமுறை ஒழுங்காகப் பரிசோதித்துவிட்டு அத்தோடு நிறுத்த வேண்டும். புதிய அறிகுறி ஏதும் இல்லாமல் ஐந்தாவது ஸ்கேன் எழுதிக் கொடுக்கும் மருத்துவர் நோயாளியைத் திருப்திப்படுத்துகிறார்; கூடவே நோயையும் வளர்க்கிறார்.

இணையத்தில் ஜிஏடி-7 என்ற ஏழு கேள்விப் படிவம் கிடைக்கும். மொத்தம் 21 மதிப்பெண். பத்தோ அதற்கு மேலோ வந்தால் ஒரு நிபுணரைப் பார்ப்பது நல்லது. அதை வைத்து நீங்களே நோயை முடிவு செய்துகொள்ளாதீர்கள். வாரம் ஒருமுறை போட்டுப் பார்க்கவும் வேண்டாம், அதுவும் உறுதி தேடும் பழக்கமாகிவிடும்.

பேச்சு வழிச் சிகிச்சையில் அறிவாற்றல் நடத்தைச் சிகிச்சைக்கு நல்ல சான்றுகள் உண்டு. வாரம் ஒரு மணி நேரம், ஏறக்குறைய 12 முதல் 15 அமர்வுகள். அதில் முதல் வேலை, கவலைகளை இரண்டாகப் பிரிப்பது. இன்று செய்யக்கூடியது ஏதாவது இருக்கிறதா? இருந்தால் செய்துவிடுங்கள். இல்லையென்றால் அது விடை கிடைக்காத கேள்வி. அதற்கென்று மாலையில் ஒரு நேரமும் ஓர் இடமும் ஒதுக்கி, அதுவரை தள்ளிப்போடப் பழக வேண்டும். கேட்டால் சிரிப்பு வரும். ஆனால் இந்த முறை 1980-களிலேயே சோதிக்கப்பட்டது. அந்த நேரம் வரும்போது பாதிக் கவலைகளுக்குச் சூடு ஆறியிருக்கும். அடுத்தது சிறு சோதனைகள்: மின்னஞ்சலை ஒரே தடவை படித்துவிட்டு அனுப்புவது, மகள் வரும்வரை ஃபோனைத் தொடாமல் இருப்பது, வெளியே சாப்பிடப் போகும்போது என்ன சாப்பிடலாம் என்பதை வேறொருவர் தீர்மானிக்க விடுவது. பதற்றம் ஏறும். ஏறியது தானாக இறங்குவதையும் பார்ப்பீர்கள். நீச்சலைக் கரையில் நின்று கற்க முடியாததுபோல் இதையும் பதற்றம் இல்லாத நேரத்தில் கற்க முடியாது.

மூச்சுப்பயிற்சியைப் பற்றி எனக்குக் கொஞ்சம் மாற்றுக் கருத்து உண்டு. தசைகளை இறுக்கித் தளர்த்தும் பயிற்சியும் நிதானமான மூச்சும் அன்றாடப் பழக்கமாக இருந்தால் நல்லது. ஆனால் பதற்றம் எட்டிப் பார்த்த நொடியே அதை விரட்டுவதற்கு மூச்சுப்பயிற்சியில் இறங்கினால், 'பதற்றம் ஆபத்தானது' என்ற எண்ணத்தைத்தான் வலுப்படுத்துகிறோம். வாரத்தில் பல நாள் வேகநடை போவது இதைவிட நேர்மையான உதவி.

மாத்திரை என்றதும் பயம் வருவது இயல்பு. இவர்கள் மருந்துப் பெட்டிக்குள் இருக்கும் பக்கவிளைவுத் தாளை முழுவதும் படித்துவிட்டுத்தான் வருவார்கள். எஸ்சிட்டாலோபிராம், செர்ட்ராலின், வென்லாஃபாக்சின், டுலாக்சிட்டின் போன்றவற்றிலிருந்து ஒன்றைக் குறைந்த அளவில் தொடங்குவோம். முதல் இரண்டு வாரங்களில் குமட்டலும், ஏன், பதற்றமே சற்றுக் கூடுவதும் நடக்கலாம். பலன் தெரிய இரண்டு முதல் நான்கு வாரம், முழுமையாகத் தெரிய இன்னும் சில வாரம் ஆகும். பலர் பத்தாம் நாளில் நிறுத்திவிட்டு 'எனக்கு ஒத்துக்கொள்ளவில்லை' என்கிறார்கள். இளம் வயதினரைத் தொடக்கத்தில் நெருக்கமாகக் கவனிக்க வேண்டும். தற்கொலை எண்ணம் தலைகாட்டினால் அடுத்த சந்திப்புக்குக் காத்திருக்காமல் உடனே மருத்துவரிடம் வர வேண்டும். இவை அடிமையாக்கும் மருந்துகள் அல்ல. ஆனாலும் திடீரென்று விட்டால் தலைச்சுற்றலும் மின்அதிர்வு போன்ற உணர்வும் வரும் என்பதால் படிப்படியாகத்தான் குறைக்க வேண்டும்.

அல்பிரசோலம், குளோனசிபாம் போன்ற உடனடி அமைதி தரும் மாத்திரைகளின் கதை வேறு. சீக்கிரமே அமைதி கிடைக்கும், அதனால்தான் அவற்றுக்கு அடிமையாகிவிடும் ஆபத்தும். கடும் நெருக்கடியில் சில வாரங்களுக்கு மட்டுமே அவற்றுக்கு இடம். வருடக்கணக்கில் எடுப்பவர் இதைப் படித்துவிட்டு இன்றிரவே நிறுத்திவிடக் கூடாது, வலிப்பு வரக்கூடும். மருத்துவரோடு மெல்லக் குறையுங்கள். சிலர் ஒன்றைக்கூட விழுங்குவதில்லை, ஆனால் அந்த அட்டை பையில் இல்லாமல் வெளியே கிளம்பமாட்டார்கள். அதையும் சிகிச்சையில் பேசத்தான் வேண்டும்.

வீட்டில் இருப்பவர்களிடம் ஒன்று சொல்வேன். "ஒன்றும் ஆகாது" என்று நூறாவது முறை சொல்வது அன்பால்தான், ஆனால் அது அடுத்த கேள்விக்கு வழி திறக்கிறது. "கவலைப்படாதே" என்று அதட்டுவதும் பயன் தராது. நோயாளியோடு முன்கூட்டியே பேசி ஓர் உடன்பாட்டுக்கு வாருங்கள்: ஒரு கேள்விக்கு ஒரு பதில். மீண்டும் கேட்டால், "இது பதற்றம் கேட்கிற கேள்வி, ஒருமுறை சொல்லிவிட்டேன். வாருங்கள், கொஞ்சம் நடந்துவிட்டு வரலாம்" என்று சொல்லுங்கள். முதல் சில நாட்கள் சண்டை வரலாம்.

நலமான பிறகும் குறைந்தது ஓராண்டு மருந்தைத் தொடரச் சொல்கிறோம். நிறுத்தியபின் சிலருக்கு நோய் திரும்பும், பெரும்பாலும் வேலை மாற்றம், பிரசவம், வீட்டில் ஒரு மரணம் போன்ற காலங்களில். கவலை பெரிதாவதற்கு முன்பே பழைய பழக்கங்கள் திரும்பிவிடுவதுண்டு: இரண்டாவது ஃபோன் அழைப்பு, இரவில் இணையத் தேடல், "ஒன்றும் ஆகாதுதானே?" என்ற கேள்வி. அவற்றைக் கண்டதுமே பழைய நோட்டை எடுத்து எழுதத் தொடங்குங்கள். இரண்டு, மூன்று வாரங்களில் அடங்காவிட்டால் மருத்துவரைப் பாருங்கள். முன்பு பலன் கொடுத்த மருந்தையும் பயிற்சியையும்தான் நாங்களும் முதலில் எடுப்போம்.