முன்பணம் கேட்பவர் முகவர் அல்லர்

பாரிஸில் லா ஷப்பல் பகுதியில் ஒரு தேநீர்க்கடை. எதிரே அமர்ந்திருந்த ஈழத்துப் பெண் கைப்பையிலிருந்து நான்கு பக்கத் தாளொன்றை எடுத்து மேசையில் விரித்தார். அதன்மேல் ஒரு முகவரி அட்டையை வைத்தார். தங்க நிற எழுத்தில் 'கலைஞர் முகவர்' என்று பிரெஞ்சில் அச்சடித்திருந்தது. ஒன்பது வயது மகளுடன் வணிக வளாகத்தில் நடந்துகொண்டிருந்தபோது ஒருவர் நிறுத்தி, குழந்தையின் முகம் சினிமாவுக்கே வார்த்தது போல இருக்கிறது என்று சொல்லிக் கொடுத்த அட்டையாம். கோப்பு திறக்கவும் புகைப்படங்கள் எடுக்கவும் 890 யூரோ. மூன்று தவணைகளில் கட்டலாம் என்று பெருந்தன்மையும் காட்டியிருக்கிறார். முதல் தவணைக் காசோலை ஏற்கெனவே எழுதப்பட்டுப் பைக்குள் இருந்தது.

"அக்கா, கையெழுத்துப் போடலாம்தானே?"

நான் புதுச்சேரிக்காரி. பாரிஸில் நடிகர்களுக்கான ஒரு சிறிய முகவர் அலுவலகத்தில் 2011 முதல் வேலை செய்கிறேன். முதல் ஐந்து ஆண்டுகள் உதவியாளர், அதன் பிறகு முகவர். இப்படி ஒரு தாளை யாராவது என்னிடம் நீட்டாமல் எந்த வருடமும் கழிந்ததில்லை. நான் முதலில் தேடுவது தொகையை அல்ல, அது எப்போது கேட்கப்படுகிறது என்பதைத்தான்.

பிரெஞ்சுத் தொழிலாளர் சட்டம் இதில் தெளிவாகவே இருக்கிறது. முகவரின் ஊதியம் கலைஞருக்குக் கிடைக்கும் சம்பளத்தின் ஒரு விழுக்காடாகவே கணக்கிடப்பட வேண்டும். உச்சவரம்பு மொத்தச் சம்பளத்தில் 10 விழுக்காடு. கலைஞரின் தொழில் வாழ்க்கையைத் திட்டமிட்டு வளர்க்கும் கூடுதல் பொறுப்பை ஒப்பந்தத்தில் எழுதி ஒப்படைத்தால் 15 வரை போகலாம். இசைத்துறையில்தான் இது அதிகம். சம்பளம் இல்லையென்றால் விழுக்காடு ஏது? பூஜ்யத்தில் பத்து விழுக்காடு பூஜ்யம்தான். பதிவுக் கட்டணம், ஆண்டுச் சந்தா, கட்டாயப் புகைப்படத் தொகுப்பு, 'நம்முடைய ஆசிரியரிடம் மட்டும்' நடிப்புப் பயிற்சி என்றெல்லாம் கேட்பவர் விற்பது வேறு சரக்கு.

2015இல் பிரான்ஸ் 2 தொலைக்காட்சியில் எங்கள் தொழிலைப் பற்றி வந்த புகழ்பெற்ற தொடரின் பிரெஞ்சுத் தலைப்பே 'பத்து விழுக்காடு' என்பதுதான். அதைப் பார்த்துவிட்டு என்னிடம் வேலை கேட்டு வரும் இளைஞர்கள் அநேகம். தலைப்பின் பொருளை ஊன்றி யோசித்தவர்கள் சொற்பம்.

அந்தத் தாய் அடுத்துக் கேட்டது நியாயமான கேள்வி. "அவரிடம் லைசென்ஸ் இருக்குமே, அக்கா?" இருக்காது, எனக்கும் இல்லை. 1969ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி முன்பு முகவருக்கு அரசு உரிமம் கட்டாயமாக இருந்தது. 2010ஆம் ஆண்டுச் சட்டம் அதை நீக்கிவிட்டது. அதற்குப் பதிலாக வந்த பதிவேடும் சில ஆண்டுகளில் மறைந்தது. நான் சேர்ந்தபோது என் முதலாளியம்மாவின் உரிமம் சட்டமிட்டு அவருடைய நாற்காலிக்குப் பின்னால் தொங்கிக்கொண்டிருந்தது. அதற்கு மதிப்புப் போய்விட்டதே, கழற்றிவிடலாமா என்று கேட்டேன். சுவரில் ஓட்டை தெரியும், இருக்கட்டும் என்றார். இன்று யார் வேண்டுமானாலும் அட்டை அடித்துக்கொள்ளலாம். தங்க எழுத்துக்குக் கொஞ்சம் கூடுதல் செலவாகும், அவ்வளவுதான்.

உரிமம் போனாலும் விதிகள் போகவில்லை. திரைப்படமோ தொலைக்காட்சிப் படைப்போ தயாரிப்பவர் கலைஞர் முகவராக இருக்கக் கூடாது. பினாமி வைத்தும் கூடாது. உங்கள் பக்கம் நின்று பேரம் பேச வேண்டியவரும் எதிர்ப்பக்கம் நின்று பணம் கொடுப்பவரும் ஒரே ஆளாக இருந்தால் உங்கள் கதி என்ன? முகவருக்கும் உங்களுக்கும் இடையிலான ஒப்பந்தத்தில் என்ன பொறுப்பு, அதை எப்படிக் கணக்குக் காட்டுவார், எவ்வளவு ஊதியம், எப்படி முடிவுக்கு வரும் என்பவை இருக்க வேண்டும். அந்த நான்கு பக்கத் தாளில் கடைசி விஷயத்தைத் தேடித் தேடிப் பார்த்தேன். பணம் கட்ட வேண்டிய தேதிகள் தடித்த எழுத்தில் இருந்தன. விலகும் வழி எங்குமே இல்லை.

இன்னொன்று. பிரான்சில் மேடையிலோ கேமரா முன்னோ சம்பளத்துக்கு நடிப்பவரைச் சட்டம் ஊழியராகவே கருதுகிறது. எனவே தயாரிப்பாளர் சம்பளச் சீட்டுத் தர வேண்டும். 'நீங்களே ஒரு பில் போட்டுக் கொடுங்கள்' என்று யாராவது சொன்னால் காதைத் தீட்டிக்கொள்ளுங்கள். அந்தச் சீட்டு வெறும் தாள் அல்ல. படங்களுக்கு இடையில் வேலையில்லாத காலத்தில் உதவித்தொகை பெற ஒரு நடிகர் 12 மாதங்களில் 507 மணிநேரம் வேலை செய்ததாகக் காட்ட வேண்டும். மணிக்கணக்கில் தராமல் மொத்தமாகத் தரப்படும் ஊதியத்தை இங்கே 'கஷே' என்பார்கள். ஒரு கஷேக்கு 12 மணிநேரம் என்று கணக்கு. செப்டம்பர், அக்டோபர் மாதங்களில் என் தொலைபேசிக்கு வரும் அழைப்புகளில் பாதி கலையைப் பற்றியவை அல்ல. "எனக்கு இன்னும் 31 மணிநேரம் குறைகிறது, ஏதாவது சின்ன வேடம் கிடைக்குமா?" என்பதுதான்.

இந்த வேலையின் உண்மையான முகம் அதுதான். மற்றபடி இரவில் நாடகம், காலையில் திரைக்கதை, பகலெல்லாம் தொலைபேசி, அதற்கு நடுவில் ஒப்பந்தங்கள். அலுவலக அலமாரியில் விருதுகள் இருக்காது, நாட்காட்டிகள் இருக்கும். யார் எந்த வாரம் எங்கே, எந்தத் தேதிகள் யாருக்குப் பிடித்துவைக்கப்பட்டிருக்கின்றன, போஸ்டரில் யார் பெயருக்குப் பின் யார் பெயர், இரண்டாம் ஒளிபரப்புக்கு என்ன பணம், ரயிலில் எந்த வகுப்பு.

நாட்காட்டியில்தான் நானும் சறுக்கினேன். தனியாகக் கையாண்ட மூன்றாவது ஒப்பந்தம் அது. இளம் நடிகர், ஆறு நாள் படப்பிடிப்பு. சம்பளத்தை உயர்த்திவிட்ட மகிழ்ச்சியில் ஏழாம் பக்கத்தின் கடைசிப் பத்தியை மேலோட்டமாகப் படித்துவிட்டேன். படப்பிடிப்பு முடிந்த மூன்று மாதத்துக்குள் மறுபடி எடுக்க வேண்டிய காட்சிகளுக்கு அழைத்தால், முன்னறிவிப்புக் காலம் எதுவும் இல்லாமல், நடிகர் வர வேண்டும் என்றிருந்தது. 'அவருடைய மற்ற ஒப்பந்தங்களுக்கு உட்பட்டு' என்று நான்கு சொல் சேர்த்திருந்தால் போதும். சேர்க்கவில்லை. மே மாதம் இரண்டு நாளுக்கு அழைப்பு வந்தது. அதே வாரம் அவர் அவிஞ்ஞோன் நாடக விழாவுக்கான ஒத்திகையில் இருந்தார், முதன்முறையாகத் தலைமை வேடம். நாடக இயக்குநர் காத்திருக்கவில்லை, வேடம் வேறொருவருக்குப் போனது. நடிகர் என்னிடம் ஒரு வார்த்தை கடிந்து பேசவில்லை. அடுத்த ஆண்டு மூன்று வரி மின்னஞ்சல் அனுப்பி விலகிக்கொண்டார். அந்த மூன்று வரியும் மரியாதையாக இருந்ததுதான் உறுத்தியது. இப்போது எந்த ஒப்பந்தத்தையும் கடைசிப் பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்குகிறேன்.

இசையுலகில் வழக்கம் கொஞ்சம் வேறு. அங்கே மேனேஜர் என்பவர் வேலை தேடித் தருவதோடு நிற்க மாட்டார், ஆளையே உருவாக்குவார். அந்தக்காலத்தில் 'இம்ப்ரெசாரியோ' என்றார்கள். பிரெஞ்சுக்காரர்களிடம் கேட்டால் ஜானி ஸ்டார்க் பெயரைத்தான் முதலில் சொல்வார்கள். அவிஞ்ஞோனில் பதினான்கு பிள்ளைகள் கொண்ட வீட்டின் மூத்த மகளான மிரேய் மத்தியூ 1965 நவம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமைத் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் பாடினார். ஸ்டார்க் அவரைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டு உலகமறிந்த பாடகியாக்கினார். 1989இல் இறக்கும்வரை அவர்தான் மேனேஜர். அப்படி ஒருவர் கையில் முழுதாக ஒப்படைப்பது பலித்தால் அதிர்ஷ்டம். பலிக்காத கதைகள் வெளியே வருவதே இல்லை. 15 விழுக்காடு கேட்கும் மேனேஜரிடம், கூடுதல் ஐந்துக்கு என்னென்ன செய்வார் என்பதை வரிவரியாக எழுதி வாங்குங்கள். சமூக ஊடகப் பிரபலங்களின் முகவர்களுக்கும் 2023 ஜூன் மாதச் சட்டம் எழுத்து ஒப்பந்தத்தை வலியுறுத்துகிறது. அவ்வளவில் அதை நிறுத்திக்கொள்கிறேன். அந்த உலகம் எனக்குப் பழக்கமில்லை.

தேநீர் ஆறிவிட்டது. குழந்தைகள் விஷயத்தில் இன்னும் கடுமையான விதிகள் உண்டு என்று அந்தத் தாயிடம் சொன்னேன். பதினாறு வயதுக்குட்பட்ட குழந்தையைப் படத்தில் நடிக்கவைக்கத் தயாரிப்பாளர் முன்கூட்டியே மாவட்ட நிர்வாகமான பிரெஃபெக்தூரின் அனுமதி பெற வேண்டும். சம்பளத்தில் பெற்றோர் கைக்கு எவ்வளவு என்பது அங்கே முடிவாகும். மிச்சம் கேஸ் தெ தெப்போ என்ற அரசு நிதி நிறுவனத்தில் குழந்தையின் பெயரில் 18 வயதுவரை இருக்கும். அட்டை கொடுத்தவர் இதையெல்லாம் சொன்னாரா என்று கேட்டேன். "படத்துக்கு என்ன நிற உடுப்பு வேண்டும் என்று மட்டும் சொன்னவர்," என்றார். காசோலையை வெளியே எடுத்து நான்காகக் கிழித்துத் தேநீர்த் தட்டில் வைத்தார்.

ஏழெட்டு மாதம் கழித்து அவரே அழைத்தார். பள்ளி நாடகத்தில் மகளைப் பார்த்த ஒரு நடிகர் தேர்வாளர் தேர்வுக்கு அழைத்து, ஒருநாள் வேடம் கிடைத்திருக்கிறது. பிரெஃபெக்தூர் கடிதம் வந்துவிட்டது. தயாரிப்பாளரின் ஒப்பந்தத்தைப் படித்துச் சொல்ல முடியுமா என்று கேட்டார். அனுப்பச் சொன்னேன்.

"அக்கா, உங்களுக்கு நான் எவ்வளவு தர வேணும்?"

முகவர் பங்கைத் தயாரிப்பாளரே சம்பளத்துக்கு மேல் தனியாகத் தருவது இங்கே வழக்கம் என்றும், இந்த வேடத்தைப் பிடித்தது நான் இல்லை என்பதால் அதுவும் எனக்குச் சேராது என்றும் சொன்னேன். மறுமுனையில் சற்று மௌனம். பிறகு, ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வாருங்கள், இடியப்பம் அவிக்கிறேன் என்றார். ஒப்பந்தம் அன்று மாலையே வந்தது. கடைசிப் பக்கத்தைத் திறந்தேன்.