வரகுக்கோழி ஏன் குதிக்கிறது?

மதுரை மாவட்டம் டி.கல்லுப்பட்டியிலிருந்து ஒரு பள்ளி ஆசிரியர் வாட்ஸ்அப்பில் ஒரு காணொளி அனுப்பியிருந்தார். மழைக்காலத்துப் புல்வெளி. அதன் நடுவிலிருந்து ஒரு கறுப்புப் பறவை விருட்டென்று மேலே எழும்பி, எழும்பிய இடத்திலேயே விழுகிறது. கொஞ்ச நேரம் புல் மட்டும் ஆடுகிறது. மறுபடியும் அதே இடம், அதே குதி. "சார், கால்ல கண்ணி மாட்டியிருக்கா, இல்ல பூச்சிமருந்து ஏதும் தின்னுடுச்சான்னு பசங்க கேக்குறாங்க. நம்ம பக்கம் இது உண்டா?" என்று கீழே எழுதியிருந்தார்.

கண்ணியும் இல்லை, மருந்தும் இல்லை. அது ஆண் வரகுக்கோழி. பெண்ணை அழைக்கிறது.

புல்வெளியில் வாழும் பெரிய பறவையான கானமயிலின் குடும்பத்தில் நம் நாட்டில் இருப்பவற்றுள் மிகச் சிறியது இதுதான். நாட்டுக்கோழி அளவு, கழுத்தும் காலும் மட்டும் நீளம். இந்தியத் துணைக்கண்டத்தை விட்டால் உலகில் வேறெங்கும் கிடையாது. தென்மேற்குப் பருவமழை இறங்கியதும் ராஜஸ்தான், குஜராத், மத்தியப் பிரதேசப் புல்வெளிகளில் கூடி இனப்பெருக்கம் செய்யும். மழை முடிந்ததும் கலைந்து தெற்கே வரும். 2021-ல் உலக இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியம் இதை அழிவின் விளிம்பில் இருக்கும் இனங்களின் பட்டியலில் சேர்த்தது.

இனி அந்தக் குதிக்கு வருகிறேன். இதைப் பற்றி எழுதக் காரணம் தேடிக்கொண்டிருந்தவன் நான்.

போன கார்த்திகையில் பேரையூர்ப் பக்கம் நண்பர் ஒருவரின் குதிரைவாலிக் காட்டுக்குப் போயிருந்தேன். பயிர் இடுப்பளவு நின்றது. உள்ளே நாலைந்து எட்டு வைத்துக் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, கண்ணை ஒரு முழ உயரத்துக்குக் கொண்டுவந்தேன். வரகுக்கோழியின் உயரம் அவ்வளவுதான். ஒரு கை தூரத்துக்கு அப்பால் எதுவும் தெரியவில்லை. தாள், தாளுக்குப் பின்னால் தாள், தலைக்கு மேல் ஒரு கீற்று வானம். பத்தடி தள்ளி நின்ற நண்பரின் கால்கூடக் கண்ணில் படவில்லை. பிறகு அவரை நடுக்காட்டில் உட்காரச் சொல்லிவிட்டு வரப்பில் வந்து நின்றேன். ஆளே இல்லாத காடு மாதிரி இருந்தது. அவர் தோளில் கிடந்த வெள்ளைத் துண்டைச் சுருட்டி மேலே எறிந்தார். ஒரு நொடிதான், ஆனால் அந்தப் பச்சைப் பரப்பில் கண் நேராக அங்கேதான் போனது.

வரகுக்கோழி செய்வது இதைத்தான். புல் அதை எதிரியிடமிருந்து மறைக்கிறது. அதே புல் பெண்ணிடமிருந்தும் மறைக்கிறது. மரத்தில் ஏறிக் கூவலாம் என்றால் புல்வெளியில் மரம் கிடையாது. ஆகவே புல்லுக்கு மேலே ஒரு கணம் தலைகாட்டிவிட்டு மறைந்துகொள்கிறது. ஒன்றரை முதல் 2 மீட்டர் உயரம். நாளுக்கு 500 முறை வரை குதிக்கும். மேகம் மூடிய நேரத்திலும் காலை மாலையிலும் அதிகம்.

அந்த ஒரு கணத்துக்காக உடம்பே மாறியிருக்கிறது. மழைக்காலத்தில் ஆணின் கழுத்தும் வயிறும் கருகருவென்று ஆகும். இறக்கையில் வெள்ளைப் பட்டை இருக்கும். மடக்கியிருக்கும்போது அடங்கிக் கிடக்கும் வெள்ளை, சிறகடித்ததும் பளிச்சிடும். என் நண்பரின் துண்டு அதுதான். காதோரத்திலிருந்து நாடா போன்ற இறகுகள் பின்னால் வளைந்து நிற்கும். இறக்கை நுனியின் பெரிய இறகுகள் ஒடுங்கிக் கூராகியிருக்கும். வேகமாக அடிக்கும்போது அவற்றினூடே காற்று கிழிபட்டுக் கடகடவென்று ஓசை எழும். கண்ணுக்கு எட்டாத இடத்தில் நிற்கும் பெண்ணுக்கு முதலில் எட்டுவது இந்த ஓசைதான். இது தொண்டையிலிருந்து வருவதல்ல, இறகிலிருந்து வருவது என்று படித்த அன்று எனக்குத் தூக்கமே வரவில்லை.

இன்னொன்று. பெரிய கானமயில் இனங்களில் ஆண்தான் பருமன். இங்கே தலைகீழ்: பெண் பெரியது, ஆண் அரைக் கிலோவைச் சுற்றித்தான் இருக்கும். குதிப்பவனுக்குப் பாரம் ஆகாது. பள்ளிக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். அரைக் கிலோவை 2 மீட்டர் தூக்க ஏறக்குறைய 10 ஜூல். 500 தடவைக்கு 5,000 ஜூல். எடை இரட்டிப்பானால் செலவும் இரட்டிப்பாகும். சிறகடிப்பில் காற்றைக் கிளறி வீணாவது தனி.

இப்போது புல்லின் உயரத்தை யோசியுங்கள். ஆளுயரத்துக்கு வளர்ந்தால் குதித்தும் தெரியாது. மாடு மொட்டையாக மேய்ந்துவிட்டால் குதிக்கவே வேண்டாம், ஆனால் பெண் தரையில் முட்டையிட்டு அடைகாக்க மறைவு இருக்காது. ஒரு முழத்துக்குக் கொஞ்சம் மேலே நிற்கும் புல் வேண்டும், அதுவும் மழை மாதங்களில் வேண்டும். மத்தியப் பிரதேசத்தின் ரத்லாம் மாவட்டத்தில் சைலானா என்ற ஊரில், பறவையியலாளர் சாலிம் அலியின் யோசனைப்படி 1983-ல் இதற்கென்றே ஒரு சரணாலயம் அமைத்தார்கள். அந்த வட்டாரப் புல்வெளிகளில் மழைக்காலம் முழுக்க மேய்ச்சலை நிறுத்திவைத்து, மழை ஓய்ந்த பிறகு புல்லை அறுக்கும் வழக்கம் முன்பே உண்டு. தீவனப் புல்லுக்காக மனிதன் போட்ட கட்டுப்பாடு, பறவையின் கால அட்டவணையோடு அப்படியே பொருந்திப்போனது. அறுத்தாலும் புல் சாகாது. அதன் வளரும் பகுதி மண்ணை ஒட்டி இருக்கிறது. வெளியே வயல்களிலும் இது குதிப்பதால், பார்த்துச் சொல்லிப் பாதுகாக்கும் விவசாயிகளுக்கு அங்கே பரிசுப் பணமும் கொடுத்திருக்கிறார்கள்.

நம் ஊரில் இந்த மாதிரி நிலத்துக்கு என்ன பெயர் வைத்திருக்கிறோம்? தரிசு. மேய்க்கால் புறம்போக்கு. அங்கே குழி தோண்டி மரக்கன்று நட்டால் புண்ணியம் என்று நினைக்கிறோம். புல்வெளியில் மரம் நடுவது குளத்தைத் தூர்ப்பதற்குச் சமம் என்பது என் கருத்து. சீமைக் கருவேலத்தை அகற்றச் சொல்லி உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2017-ல் உத்தரவிட்டபோது எல்லோரும் நிலத்தடி நீரைப் பற்றியே பேசினோம். அந்த முள்ளுக்கடியில் காணாமல்போன புல்லைப் பற்றிப் பேச ஆளில்லை. கௌதாரிக் கறி, காடைக் கறி தின்றால் உடம்புக்குப் பலம் என்று இன்னமும் கண்ணி வைக்கிறார்கள். கோழிக்கறியில் இல்லாத பலம் எதுவும் அதில் இல்லை.

ஆய்வுக்கும் இதே கதிதான். கோவை ஆனைகட்டியில் உள்ள சாலிம் அலி பறவையியல் மையத்தின் இயக்குநராக இருந்து 2009-ல் மறைந்த ரவி சங்கரன், இளம் வயதில் இந்தப் பறவையின் பின்னால் பல மழைக்காலங்கள் அலைந்தவர். புல்வெளி ஓரத்தில் நின்று குதிகளை எண்ணுவது அவர் வேலை. மழை பொய்த்த ஆண்டில் குதிப்பவையும் குறையும். அதனால் ஓராண்டுக் கணக்கை வைத்து எதையும் சொல்ல முடியாது. பத்து, பதினைந்து வருடம் தொடர்ந்து எண்ண வேண்டும். மூன்று வருடத் திட்டத்துக்கு மட்டும் பணம் கொடுத்துவிட்டு அறிக்கை கேட்பது இந்தப் பறவைக்கு உதவாது.

ஆசிரியரின் கடைசிக் கேள்வி பாக்கி இருக்கிறது. அந்தக் காணொளி நம் பக்கம் எடுத்ததாக இருக்காது, இங்கே அது குதிக்காது. ஆனால் குளிர்காலத்தில் தமிழ்நாடு வரை வந்த பறவைதான். வரகுக் கொல்லையில் பார்க்காதவன் அதற்கு வரகுக்கோழி என்று பெயர் வைத்திருக்க மாட்டான். குளிர்காலத்தில் ஆணின் கறுப்பு உதிர்ந்து, பெண்ணைப் போலவே மணல் நிறத்தில் கறுப்புக் கீற்றோடு இருக்கும். தை, மாசியில் அறுத்த குதிரைவாலிக் காட்டிலோ பருத்திக் காட்டு ஓரத்திலோ, கழுத்து நீண்ட கோழி ஒன்று பறக்காமல் குனிந்து ஓடினால், விரட்டாமல் அப்படியே நின்று படம் எடுக்கச் சொல்லுங்கள். தேதியையும் ஊர்ப் பெயரையும் சேர்த்து எனக்கு அனுப்புங்கள், சார்.